வலப்பக்கம் மேலே

ஃபேனைக் குறைக்கச் சொன்னாள். தரையில் செய்தித்தாளை விரித்து அதன்மேல் காலை வைத்து நகம் வெட்டிக்கொண்டிருந்தாள். வெட்டிய நகங்கள் காற்றில் நகர்ந்தன. நான் எழுந்துபோய் நாலிலிருந்து இரண்டுக்குக் குறைத்தேன். திரும்பியபோது மினெகோ இறந்திருந்தாள். இடது காலில் இரண்டு விரல்கள் பாக்கி இருந்தன.

ஒன்பதாம் நாள் வருகைப் பதிவு அலுவலகத்திலிருந்து கடிதம் வந்தது. தங்கள் மனைவி உயிரோடிருப்பவரின் உடையில் வந்து சேர்ந்துள்ளார். இறந்தவராக ஏற்க இயலவில்லை. நேரில் வரவும்.

கடிதத்தில் பிழை இல்லை. பிழை என்னுடையது.

கிமோனோவில் முன்பக்கம் இரண்டு மடிப்புகள் ஒன்றன்மேல் ஒன்றாக வரும். உயிரோடிருப்பவர்களுக்கு இடப்பக்கத்து மடிப்பு மேலே வர வேண்டும். இறந்தவர்களுக்கு வலப்பக்கத்து மடிப்பு மேலே. ஜப்பானில் இது சின்னப் பிள்ளைகளுக்கும் தெரியும். எனக்கும் தெரியும். மினெகோ இருபத்திரண்டு வருடம் சொல்லியிருக்கிறாள்.

ஆனால் நான் கல்யாண வீடியோ எடுப்பவன். எங்கள் தொழிலில் இடது, வலது என்றால் ஃபிரேமின் இடது, வலது. எதிரில் நிற்பவரின் இடது வலதை நாங்கள் கணக்கில் எடுப்பதில்லை. "மாப்பிள்ளை, கொஞ்சம் ரைட்ல வாங்க" என்றால் மாப்பிள்ளை தன்னுடைய இடது பக்கம் நகர வேண்டும். முதலில் தப்பாக நகர்வார். பிறகு பழகிவிடும்.

எங்கள் ஊரில் சாவுக்கும் வீடியோ எடுப்போம். அன்றைக்கும் எடுத்தேன். வேறு என்ன செய்வதென்று தெரியவில்லை. ட்ரைபாடை அவள் காலடியில் நிறுத்தினேன். மானிட்டரைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு, அதைப் பார்த்தபடியே அவளுக்குக் கிமோனோ கட்டினேன். வலப்பக்கத்தை மேலே போட்டேன். அது ஃபிரேமின் வலது. அவளுடைய இடது. அப்படியே மின்மயானத்துக்குக் கொண்டுபோனோம்.

நான் பூசைக்குப் போகாத கிறிஸ்தவன். அவள் கோயிலுக்குப் போகாத பௌத்தை. எடுத்துச் சொல்ல அங்கே யாரும் இல்லை.

மினெகோவைப் பற்றிச் சொல்ல வேண்டும். அவள் ஜப்பானில் நீகாதா என்ற ஊரில் பிறந்தவள். நிகழ்த்துகலை செய்ய ஆறு மாத விசாவில் புதுச்சேரிக்கு வந்தாள். கேமராவுக்கு ஆள் தேடி முத்தியால்பேட்டையில் என் ஸ்டூடியோவுக்குள் நுழைந்தாள். டிவியில் மாதிரிக்காக ஒரு கல்யாண வீடியோ ஓடிக்கொண்டிருந்தது. மணப்பெண்ணின் முகம் தாமரைக்குள் சுழன்றது.

"இது வேணும்" என்றாள். அந்த இரண்டு வார்த்தைதான் அவளுக்கு அப்போது தெரியும்.

மற்றத் தமிழை டவுன் பஸ்ஸில் கற்றாள். அவளுடைய முதல் வேலையே அதுதான். கிமோனோ உடுத்தி வில்லியனூர் பஸ்ஸில் உட்காருவாள். எதிர் சீட்டில் நான் கேமராவோடு. யாராவது "எந்த ஊரும்மா?" என்பார்கள். அப்போது கடந்துபோன நிறுத்தத்தின் பெயரைச் சொல்வாள்.

"மூலகுளம்."

"அப்படியா, மூலகுளத்துல யாரு வீடு?"

இப்படி நூற்று நாற்பது பதில்கள் சேர்ந்தன. அதை நீகாதாவில் திரையிட்டார்கள். படம் முடிந்ததும் ஒரு பெரியவர் எழுந்து அவளைப் பாராட்டினார். ஜப்பானிய மொழி நன்றாகப் பேசுகிறீர்கள், எந்த ஊர் என்று கேட்டார்.

அடுத்த வேலைக்கு 'ஊருக்குப் போகிறேன்' என்று பெயர். அம்மா வீட்டு வாசலில் அவள் செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே போக வேண்டும். பின்னணியில் நீகாதா வர வேண்டும். பின்னணிப் படம் சேர்க்கும் என் வீடியோ மிக்ஸரில் இருந்தது சுவிட்சர்லாந்து மட்டும்தான். ஏரி, இரண்டு அன்னங்கள். பரவாயில்லை என்றாள். ஏரிக்கரையில் செருப்பைக் கழற்றிவிட்டு, அன்னங்களுக்குத் தலைகுனிந்து வணங்கி, தண்ணீருக்குள் நடந்துபோனாள். பதினேழு முறை எடுத்தோம். ஒவ்வொரு முறையும் அம்மாவிடம் ஏதோ சொல்வாள். மைக் எட்டாத அளவுக்கு மெதுவாக.

இப்போது அலுவலகத்துக்கு வருகிறேன்.

அது பழைய பஞ்சாலைக்குப் பின்னால் இருக்கிறது. புதன்கிழமைகளில் மட்டும் இருக்கிறது. கவுன்ட்டரில் அஞ்சலாட்சி என்று பெயர்ப்பலகை வைத்த அம்மாள் உட்கார்ந்திருந்தார். கடிதத்தைக் கொடுத்தேன்.

"நீங்க யாரு?"

"சவரி. மினெகோவோட வீட்டுக்காரர்."

"இருக்கீங்களா?"

"இருக்கேன்."

"இருக்கறதுக்கு ஃபாரம் குடுத்தீங்களா?"

"இங்கதானே மேடம் நிக்கிறேன்."

"நிக்கறதுக்கு ஃபாரம் வேணாம்."

ஃபாரம் கொடுத்தார். பெயர் எழுதினேன். எப்போதிலிருந்து இருக்கிறீர்கள் என்ற இடத்தில் பிறந்த தேதி எழுதினேன். அடுத்தது, எதற்காக. அங்கே பேனா நின்றது.

"இதுல கோடு போடலாமா மேடம்?"

"எல்லாரும் கோடுதான் போடறாங்க."

கோடு போட்டேன். சீல் வைத்து உள்ளே அனுப்பினார்.

கவுன்ட்டருக்குப் பின்னால் நடைக்கூடம். பன்னிரண்டு எட்டு நடந்தால் ஒரு பெஞ்சு. மினெகோ உட்கார்ந்திருந்தாள். நான் கட்டிய கிமோனோ. நான் போட்ட முடிச்சு. நேராகப் பார்த்தால் அவள் இருந்தாள். பக்கவாட்டில் பார்த்தால் இல்லை. அவ்வப்போது ஒரு வெள்ளைக் கோடு அவள் தலையிலிருந்து கால்வரை இறங்கியது.

"வலது எதுன்னு தெரியாதா உனக்கு?" என்றாள்.

"ஃபிரேம் வலதுன்னு நெனச்சிட்டேன்."

"நான் ஃபிரேமா?"

பக்கத்தில் உட்காரப் போனேன். அந்தப் பக்கமிருந்து அவள் தெரியவில்லை. எழுந்து மறுபடி எதிரில் நின்றேன்.

"இங்க என்ன கேக்கறாங்க தெரியுமா, சவரிசான்?" பெயரோடு சான் சேர்ப்பது அவள் ஊர் மரியாதை.

"என்ன?"

"எந்த ஊருன்னு."

"நீ என்ன சொன்ன?"

"பெஞ்சு."

நான் சிரித்தேன். அவளும் சிரித்தாள். வெள்ளைக் கோடு ஒன்று சிரிப்பின் நடுவே இறங்கிப்போனது. முடிச்சை அவிழ்த்து மாற்றிக் கட்டிவிடலாம் என்று கையை நீட்டினேன். விரலுக்குத் துணி படவில்லை. மானிட்டர் கண்ணாடியைத் தொட்டது போல இருந்தது. விரல்நுனியில் மெல்லிய சுருக்.

அஞ்சலாட்சி அம்மாள் அங்கிருந்தே குரல் கொடுத்தார். "தொடாதீங்க சார். துணிதான் எரிஞ்சிபோச்சே. இது படம். படத்தை எப்படி அவுத்துக் கட்டுவீங்க?"

"வேற என்ன பண்றது மேடம்?"

"ஒரிஜினல் டேப்பு உங்ககிட்டதானே இருக்கு. அதை இடவலமாத் திருப்பிக் கொண்டாங்க. வலப்பக்கம் மேல வந்துட்டா ஏத்துக்குவோம்."

"கொண்டுவரலன்னா?"

"இங்கயே இருப்பாங்க. புதன்கிழமை மூணுலேருந்து நாலு வரைக்கும் பாக்கலாம்."

மினெகோ என் முகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தாள். "கொண்டா" என்றாள். "நீகாதாவுலேருந்து கெளம்பி எத்தனை வருஷம்? நான் இன்னும் எங்கயும் வந்து சேரல. இங்க சேந்தாதான் சேந்தது."

வீட்டுக்கு வந்தேன். டேப்பை டெக்கில் போட்டேன். எங்கள் தெருவில் மின்சாரம் ஏறி இறங்கும். பக்கத்து வீட்டுக் கலிவரதன் அண்ணன் போன ஐப்பசியில் வோல்டேஜ் ஸ்டெபிலைசர் ஆகியிருந்தார். அதிலிருந்து என் மிக்ஸர் அவர் வழியாகத்தான் ஓடுகிறது. அவர் மனைவி வெள்ளிக்கிழமை தோறும் வந்து அவரைத் துடைத்துவிட்டுப் போவார்.

"இன்னா சவரி, வேலையா?" என்றார். உள்ளே டக் என்றது.

"ஒரு சின்ன வேலைண்ணே."

மிக்ஸரில் மிரர் என்று ஒரு பட்டன் உண்டு. அழுத்தினால் படம் இடவலமாகத் திரும்பும். வலது இடதாகும். ஒரு வினாடி வேலை. விரலைப் பட்டன்மேல் வைத்தேன். திரையில் மினெகோ கண்ணை மூடிப் படுத்திருந்தாள். நான் முடிச்சுப் போட்டுக்கொண்டிருந்தேன்.

அழுத்தினால் அடுத்த புதன்கிழமை அவள் இருக்கமாட்டாள்.

விரலை எடுத்துவிட்டேன். மிக்ஸரை அணைத்தேன். கலிவரதன் அண்ணனுடைய சிவப்பு விளக்கு எரிந்துகொண்டிருந்தது.

இரண்டாவது புதன்கிழமை பெஞ்சுக்குத் தொண்ணூறு எட்டு நடக்க வேண்டியிருந்தது.

"கொண்டாந்தியா?"

"மிக்ஸர் ரிப்பேர்."

"சரி" என்றாள். அவள் நிறம் சற்றுக் கலங்கியிருந்தது. உதட்டுச் சிவப்பு உதட்டைவிட்டு ஒரு நூல் தள்ளி நின்றது. கேசட்டிலிருந்து கேசட்டுக்குப் பிரதி எடுத்தால் அப்படி ஆகும்.

அன்றைக்கு நிறையப் பேசினோம். காத்திருப்பதையே ஒரு நிகழ்ச்சியாகச் செய்துபார்த்ததாகச் சொன்னாள். ஒரு நாள் முழுக்க அசையாமல் உட்கார்ந்தாளாம்.

"யாராவது பாத்தாங்களா?"

"ரெண்டு பேர். ஒருத்தர் தூங்கிட்டார்."

"இன்னொருத்தர்?"

"தூங்கினவரைப் பாத்தார்."

நான் சந்தோஷமாக வீடு திரும்பினேன். இதை எழுத வெட்கமாக இருக்கிறது. ஆனாலும் எழுதுகிறேன். வாரத்தில் ஆறு நாள் அவள் இறந்திருந்தாள். ஒரு நாள் மூன்றிலிருந்து நாலு வரை இறந்திருக்கவில்லை. எனக்கு அது போதும் என்று இருந்தது. அவளுக்குப் போதுமா என்று நான் யோசிக்கவில்லை. யோசிக்காமல் இருக்க முயற்சி எடுத்தேன்.

மூன்றாவது புதன்கிழமை நாற்பது நிமிடம் நடந்தேன். இருபுறமும் கதவுகள். எல்லாக் கதவிலும் ஒரே எண். பெஞ்சு தெரிந்தபோது என் சட்டை நனைந்திருந்தது. மினெகோவின் முகத்தில் கண் எது, புருவம் எது என்று தேட வேண்டியிருந்தது.

"கொண்டாந்தியா?"

"வோல்டேஜ் இல்ல."

அவள்மேல் கோடுகள் இறங்கின.

"பஸ்ஸுல கண்டக்டர் என்ன சொல்லுவார்?" என்றாள்.

"டிக்கெட்னு சொல்லுவார்."

"அது இல்ல. உள்ள வா, இல்லன்னா எறங்கு. படிக்கட்டுல நிக்காதன்னு சொல்லுவார். நான் முதல்ல முழுசாக் கத்துக்கிட்ட தமிழ் அதுதான்." நிறுத்தினாள். "நீ என்னைப் படிக்கட்டுல நிக்க வெச்சிருக்க, சவரிசான்."

நாலு மணி அடித்தது. திரும்பி வரும்போது நடைக்கூடம் பன்னிரண்டு எட்டுதான் இருந்தது. வெளியே போகிறவர்களுக்கு எப்போதும் அது பன்னிரண்டு எட்டுதான்.

வீட்டில் கலிவரதன் அண்ணன் காத்திருந்தார்.

"வோல்டேஜ் இல்லன்னு சொன்னியாமே?"

"யாரு சொன்னா?"

"கம்பி வழியா வந்துச்சு. ஏன்டா, ராத்திரி பகலா இருநூத்தி இருவதுல நிக்கிறேன் நானு. எம்மேல ஏன்டா பழியப் போடற?"

"மன்னிச்சுக்குங்கண்ணே."

"மன்னிப்ப எங்கிட்ட ஏன் கேக்கற" என்றார். டக் என்றது.

அப்படியும் நான் பட்டனை அழுத்தவில்லை.

நாலாவது புதன்கிழமை ஒரு மணி நேரம் நடந்தேன். கடைசியில் ஓடினேன். பெஞ்சு தூரத்தில் தெரிந்தது. அதன்மேல் சாம்பல் நிறத்தில் ஏதோ இருந்தது. மணி அடித்துவிட்டது. சாம்பல் நிறம் கொஞ்சம் மேலே உயர்ந்தது. கையாக இருக்கலாம். வாய் அசைந்ததா என்று தெரியவில்லை. சத்தம் வரவில்லை. உப்புத்தாளைத் தேய்ப்பது போல ஓர் இரைச்சல் மட்டும் வந்தது. ஆள் இல்லாத சேனலில் வரும் இரைச்சல்.

அன்று மாலையே மிக்ஸரைப் போட்டேன். கலிவரதன் அண்ணனின் விளக்கு பச்சையாக மாறியது. பட்டனை அழுத்தினேன்.

திரையில் எல்லாம் திரும்பியது. சுவரில் இருந்த காலண்டர் எழுத்துகள் இடவலம் மாறின. ஜன்னல் இடம் மாறியது. மினெகோவின் கன்னத்து மச்சம் அடுத்த கன்னத்துக்குப் போனது. கிமோனோவின் வலப்பக்கம் மேலே வந்தது. இந்த முறை அவளுடைய வலப்பக்கம். சரியாக இருந்தது. பிரதி எடுத்தேன். முப்பத்தொரு நிமிடம் ஓடியது. முழுக்கப் பார்த்தேன்.

ஐந்தாவது புதன்கிழமை டேப்பைக் கவுன்ட்டரில் கொடுத்தேன். அஞ்சலாட்சி அம்மாள் மேசைமேல் இருந்த டெக்கில் போட்டார். படம் வந்ததும் நடைக்கூடம் சுருங்கியது. பெஞ்சு கவுன்ட்டருக்குப் பக்கத்திலேயே வந்து நின்றது. மினெகோ தெளிவாக இருந்தாள். உதட்டுச் சிவப்பு உதட்டில் இருந்தது.

அம்மாள் மூக்குக்கண்ணாடியை இறக்கிக்கொண்டு பார்த்தார். "மடிப்பு சரியா இருக்கு. இதுல இன்னொருத்தர் இருக்காரே?"

"அது நான்தான் மேடம்."

"உங்க சட்டை?"

பார்த்தேன். ஆண்கள் சட்டையில் இடப்பக்கம் மேலே வந்து பட்டன் போடும். டேப் திரும்பியதில் என் சட்டையும் திரும்பியிருந்தது. வலப்பக்கம் மேலே.

"உங்களுக்கும் சரியாத்தான் இருக்கு" என்றார். "ரெண்டு பேரையும் ஏத்துக்கலாம். ஒரே சீல்ல முடிஞ்சிடும்."

"நான் இருக்கறதுக்கு ஃபாரம் குடுத்திருக்கேனே."

அவர் ஃபாரத்தை எடுத்து என் பக்கம் திருப்பிக் காட்டினார். "எதற்காகன்ற எடத்துல கோடுதானே போட்டிருக்கீங்க."

சீலை எடுத்து மையில் ஒற்றினார். நான் தடுக்கவில்லை. திரும்பிப் போகும் அவசரம் எதுவும் எனக்கு இல்லை. வீட்டில் அடுப்பை அணைத்துவிட்டுத்தான் வந்திருந்தேன். ஆடியில் கல்யாணம் கிடையாது. ஆவணி முதல் வாரத்துக்கு ஒரு புக்கிங் இருந்தது. வேறு யாரையாவது வைத்துக்கொள்வார்கள்.

"நீ வந்தா யாரு எடுப்பாங்க?" என்றாள் மினெகோ.

"ட்ரைபாடு இருக்கு."

"ட்ரைபாடு ஃபோகஸ் பண்ணாது."

"நானும் பண்ணமாட்டேன்னு நீதானே சொல்லுவ."

"பண்ணமாட்ட." அவள் என்னை நேராகப் பார்த்தாள். "ஆனா அங்க நிப்ப. நான் எங்க பாக்கணும்னு எனக்குத் தெரியும். பதினேழு தடவை ஏரிக்குள்ள போனேன். ஒவ்வொரு தடவையும் நீ இந்தப் பக்கம் இருந்த. அதனாலதான் போக முடிஞ்சுது."

அஞ்சலாட்சி அம்மாள் சீலை உயர்த்திப் பிடித்தபடி இருந்தார். மை சொட்டவில்லை. எனக்காகக் காத்திருப்பதாகத் தோன்றியது.

"மேடம், இந்த டெக்குல ஜூம் இருக்கா?"

"இருக்கு. யாரும் தொட்டதில்ல."

ஜூம் குமிழைத் திருகினேன். படம் மெல்ல நெருங்கியது. முதலில் காலண்டர் வெளியே போனது. பிறகு என் தலை. பிறகு தோள், சட்டை, பட்டன்கள். இன்னும் நெருக்கினேன். ஃபிரேமில் மினெகோ மட்டும் இருந்தாள். அவள் இடுப்பில் முடிச்சுப் போடும் இரண்டு கைகளும்.

"கை?" என்றார் அம்மாள்.

"கையை வெட்டினா முடிச்சு தெரியாது. முடிச்சு தெரியலன்னா கட்டு நிக்காது."

"அப்ப கை போவும்."

"போகட்டும்."

சீல் விழுந்தது. சத்தம் பெரிதாக இல்லை.

மினெகோ எழுந்தாள். கால் மரத்துப்போயிருந்ததால் பெஞ்சைப் பிடித்துக்கொண்டாள். பிறகு திரும்பினாள். பக்கவாட்டில் பார்த்தேன். மூக்கு, முகவாய், பின்னங்கழுத்தில் அவிழ்ந்து தொங்கிய ஒரு முடி. எல்லாம் தெரிந்தது. அவளுக்குக் கனம் இருந்தது. தரைப்பலகை ஒன்று முனகியது.

ஒரு கதவு முன் நின்று செருப்பைக் கழற்றினாள். உள்ளே பார்த்து ஏதோ சொன்னாள். மெதுவாகத்தான் சொன்னாள். கதவு திறந்து மூடியது. அந்தப் பக்கம் யாரோ நகர்ந்து உட்கார்ந்து இடம் விடும் சத்தம் கேட்டது.

"அவ்வளவுதான்" என்றார் அஞ்சலாட்சி அம்மாள். டேப்பை வைத்துக்கொண்டார். என் ஃபாரத்தைத் திருப்பிக் கொடுத்தார். அடுத்தவரைக் கூப்பிட்டார்.

என் கைகள் அங்கே போய்விட்டன. இப்போது என்னிடம் இருப்பவை அவற்றின் எதிர்ப்பக்கம், கண்ணாடியில் தெரிவது போல. பார்க்க அப்படியேதான் இருக்கின்றன. இடது கையால் சாப்பிடுகிறேன். அதனால் பந்தியில் உட்காருவதில்லை. இதையும் இடது கையால்தான் எழுதுகிறேன். எழுத்து முன்னைவிட நன்றாக இருக்கிறது. சில சமயம் கைகள் ஈரமாக இருக்கும். நான் தண்ணீரைத் தொட்டிருக்கமாட்டேன். ஒருநாள் விரல்களில் அரிசி மாவு ஒட்டியிருந்தது. வேறொருநாள் முழங்கைவரை குளிர்ந்து, வெகுநேரம் பனியில் வேலை செய்தவை போலச் சிவந்திருந்தன. அன்றைக்குப் புதுச்சேரியில் நல்ல வெயில். கைகளை மடியில் வைத்துக்கொண்டு அவை சூடாகும்வரை உட்கார்ந்திருந்தேன்.

கேமரா பிடிக்க முடிகிறது. ஆவணியில் இரண்டு கல்யாணம் எடுத்தேன். ஐப்பசியில் நாலு. மாப்பிள்ளையை ரைட்டில் வரச் சொன்னால் முதலில் தப்பாகத்தான் நகர்கிறார். கெட்டிமேளம் கொட்டும்போது நெருங்கிப் போகிறேன். ஃபோகஸ் பார்க்கிறேன். சரியாகத் தாலி கட்டும் நேரத்தில் யாராவது ஒருவர் எழுந்து கேமராவை மறைத்துக்கொண்டு நிற்கிறார்.